எக்ஸ்பர்ட் நெட்வொர்க் கம்பெனி ஆரம்பிக்கணும்னா: மார்க் கெர்சன் போன ரூட்டை வச்சு ஒரு வழிகாட்டி

லிங்க்ட்இன்ல உங்களுக்கும் இந்த மெசேஜ் வந்திருக்கும். "எங்க கிளையன்ட் ஒருத்தர் உங்க துறை பத்தி ஒரு மணி நேரம் போன்ல பேசணும்ங்கறாங்க, உங்க ரேட் சொல்லுங்க." பாதி பேர் இதை ஃபிராடுன்னு நெனச்சு டெலீட் பண்ணிடுவாங்க. பெரும்பாலும் ஃபிராடு இல்ல, உங்ககிட்ட காசு கட்டச் சொன்னா மட்டும் உடனே ஓடிடுங்க, மத்தபடி இது நிஜமான தொழில், ஒரு துறை தெரிஞ்சவரையும் அந்தத் துறை பத்தித் தெரிஞ்சுக்க நெனக்கிற கம்பெனியையும் காசுக்குப் பேச வைக்கிறது, பேரு எக்ஸ்பர்ட் நெட்வொர்க். நான் ஆறு வருஷம் அந்த மெசேஜை அனுப்புற பக்கம் உக்காந்திருந்தவன். இப்ப என்னன்னா வாரத்துக்கு ஒருத்தராச்சும் "அண்ணே ஒரு லேப்டாப்பும் போனும் இருந்தா நாமளே இதை ஆரம்பிச்சிடலாம்ல" ன்னு கேக்குறாங்க. ஆரம்பிச்சிடலாம், அதுல சந்தேகமே இல்ல, நடத்துறதுலதான் விஷயம் இருக்கு. அதனால இந்தத் தொழிலுக்குப் பாதை போட்ட ஆள் எப்படிப் போனாருன்னு பாத்துக்கிட்டே ஒவ்வொரு ஸ்டெப்பா சொல்றேன்.

ஆள் பேரு மார்க் கெர்சன். நியூயார்க்ல 1998ல தாமஸ் லேர்மன்ங்கிற பார்ட்னரோட சேந்து ஆரம்பிச்ச கம்பெனி கெர்சன் லேர்மன் குரூப், எல்லாரும் ஜிஎல்ஜின்னு சொல்றது அதத்தான். கெர்சன் வால் ஸ்ட்ரீட்ல பழம் தின்னு கொட்டை போட்டவர் எல்லாம் கிடையாது. வில்லியம்ஸ் காலேஜ்ல படிச்சாரு, நியூஜெர்சில ஜெர்சி சிட்டின்னு ஒரு ஊர்ல ஸ்கூல் வாத்தியாரா இருந்தாரு, அதுக்கப்புறம் யேல்ல சட்டம் படிச்சாரு. வக்கீலா போயிருக்க வேண்டியவர். கன்சல்டிங் அனுபவமே இல்லாம கன்சல்டிங் நெட்வொர்க் ஆரம்பிக்கலாமான்னு கேக்குறவங்களுக்கு இதுதான் பதில், அவருக்கும் இல்ல.

ஸ்டெப் 1: முதல் ஐடியாவை கட்டிப்புடிச்சுக்கிட்டு அழாதீங்க

இவங்க முதல்ல பண்ண நெனச்சது இப்ப இருக்குற தொழிலே இல்லைங்க. முதலீட்டுக்காரங்களுக்கு ஒவ்வொரு துறை பத்தியும் ஒரு கைடு எழுதி விக்கிறதுதான் பிளான், அந்தந்தத் துறை ஆளுங்களை வச்சே எழுத வாங்கி ரிப்போர்ட்டா குடுக்குறது. கிளையன்ட்ங்க என்ன சொன்னாங்கன்னா, ரிப்போர்ட் இருக்கட்டும், இதை எழுதினவர்கிட்ட நான் கொஞ்சம் பேச முடியுமா? யோசிச்சுப் பாத்தா நியாயமான கேள்விதான். நூறு பக்கத்துல எனக்கு வேண்டியது நாலு வரி, அந்த நாலு வரியும் அதுல இல்லன்னா நான் என்ன பண்றது. விக்கப் போனது புத்தகம், வித்துப் போனது போன்கால். அந்தக் கேள்வியை தொந்தரவா எடுத்துக்காம அதுதான் சரக்குன்னு புரிஞ்சுக்கிட்டாங்க பாருங்க, என்னைக் கேட்டா கெர்சன் பண்ணதுலயே பெரிய வேலை அதுதான்.

நீங்க செய்ய வேண்டியது: வெப்சைட், லோகோ, விசிட்டிங் கார்டு எதையும் தொடாம முதல்ல பத்து வாடிக்கையாளர்கிட்ட பேசுங்க. அவங்க முதல்ல கேக்குறத விட்டுடுங்க, அது மரியாதைக்குக் கேக்குறது. பேச்சு முடிஞ்சு வைக்கப் போறப்ப "அப்புறம் இன்னொண்ணு"ன்னு ஆரம்பிப்பாங்க பாருங்க, அதை எழுதி வச்சுக்கோங்க.

ஸ்டெப் 2: ஒரே ஒரு துறை, அதுவும் சரியான துறை

"எல்லா துறையிலயும் எங்ககிட்ட எக்ஸ்பர்ட் இருக்காங்க"ன்னு போட்டா ஒரு துறையிலயும் இல்லன்னு அர்த்தம். ஜிஎல்ஜிக்கு ஆரம்பத்துலேர்ந்தே மருத்துவம் ரொம்ப ஸ்ட்ராங். அவங்களுக்குப் போட்டியா 2003ல வந்த கைடுபாயின்ட்டும் முதல்ல டாக்டர்ங்களை வச்சுதான் ஆரம்பிச்சாங்க. ஏன் எல்லாரும் டாக்டர்கிட்டயே போனாங்க? ஒரு மருந்து கம்பெனி ஷேர் ஏறுறதும் இறங்குறதும் சில சமயம் ஒரே ஒரு மருந்துல நிக்கும், அந்த மருந்தை தினமும் சீட்டுல எழுதிக் குடுக்குறவர் டாக்டர், ஆனா அவர் அந்தக் கம்பெனி சம்பளக்காரர் இல்ல. இந்தக் கடைசி பாயின்ட்தான் முக்கியம். விஷயம் தெரிஞ்சவர் கம்பெனிக்கு வெளிய இருக்கார், அதனால அவர் தன்னோட அனுபவத்தைச் சொன்னா அது யாரோட ரகசியமும் இல்ல. 2005ல அமெரிக்க மருத்துவ சங்கத்தோட ஜர்னல்ல எரிக் டோபோல், டேவிட் புளூமென்தால்னு ரெண்டு டாக்டர்ங்க எழுதின கட்டுரை ஒண்ணு வந்துச்சு, அமெரிக்க டாக்டர்ங்கள்ல கிட்டத்தட்ட பத்துல ஒருத்தர் இப்படி முதலீட்டுக் கம்பெனிகளோட தொடர்புல இருக்காங்கன்னு அதுல கணக்கு போட்டு, இது எங்க போய் முடியுமோன்னு கவலைப்பட்டிருந்தாங்க. கவலை வீண் போகல, அது ஆறாவது ஸ்டெப்ல வருது.

சோ துறை தேடும்போது இப்படிப் பாருங்க: இந்தத் தொழில்ல நடக்குற விஷயம், முதலாளிக்கும் ஆபீஸருக்கும் தவிர வேற யாருக்கு நல்லாத் தெரியும்? சரக்கு வாங்குறவர், டிஸ்ட்ரிபியூட்டர், மெஷின் சர்வீஸ் பண்றவர், ரிட்டையர் ஆனவர். நான் வேலை பாத்தப்ப ஒரு தடவை நியூயார்க் கிளையன்ட் ஒருத்தருக்கு துணி சாயம் பத்தி ஆள் வேணும்னாங்க. நான் எம்பிஏ படிச்ச வைஸ் பிரசிடென்ட்களா அஞ்சு பேர் புரொஃபைல் அனுப்பினேன், ஒண்ணும் எடுபடல. கடைசில திருப்பூர்ல முப்பது வருஷம் டையிங் மாஸ்டரா இருந்த ஒருத்தரை ஒரு பழைய நண்பன் வழியா புடிச்சேன், இங்கிலீஷ் சுமார்தான், நான் லைன்ல உக்காந்து மொழிபெயர்த்தேன். தண்ணில உப்பைத் திரும்ப எடுக்குறதுக்கு என்ன செலவு ஆகுது, எந்தக் கலர்ல நஷ்டம் ஜாஸ்தி, ஏன் கறுப்புன்னா ரேட் மாறுதுன்னு அவர் பாட்டுக்கு சொல்லிக்கிட்டே போறார், அந்தப் பக்கம் கீபோர்டு சத்தம் நிக்கவே இல்ல. ஒரு மணி நேரம் புக் பண்ணது ஒண்ணே முக்கால் மணி நேரம் போச்சு. முடிஞ்சதும் என்கிட்ட தனியா கேட்டார், "தம்பி இதுக்கெல்லாமா காசு குடுப்பாங்க?"

ஸ்டெப் 3: முதல்ல யார் காசு குடுப்பாங்கன்னு பாருங்க, எக்ஸ்பர்ட் அப்புறம்

புதுசா வர்றவங்க எல்லாரும் பண்ற தப்பு, ஆறு மாசம் உக்காந்து ரெண்டாயிரம் எக்ஸ்பர்ட் பேரை எக்செல்ல சேப்பாங்க, ஒரு கிளையன்ட் இருக்காது. அந்த லிஸ்ட் ஒரு வருஷத்துல ஊசிப் போயிடும், பாதி பேர் வேலை மாறியிருப்பாங்க.

கெர்சனுக்கு இந்த விஷயத்துல காலம் ரொம்ப கைகுடுத்துச்சு, அதைச் சொல்லியே ஆகணும். 2000 அக்டோபர்ல அமெரிக்க ஷேர் மார்க்கெட்டைக் கண்காணிக்கிற எஸ்இசி ஒரு ரூல் கொண்டுவந்தாங்க, ரெகுலேஷன் எஃப்டின்னு பேரு. அதுக்கு முன்னாடி கம்பெனி பெரிய தலைங்க தனக்கு வேண்டிய அனலிஸ்ட்டைக் கூப்பிட்டு காதுல நாலு விஷயம் போட்டுடுவாங்க, இனிமே அப்படி கிடையாது, சொல்றதா இருந்தா எல்லாருக்கும் ஒரே நேரத்துல சொல்லுன்னு ரூல். சரி கம்பெனிக்காரன் வாயைத் திறக்க மாட்டான், வேற யாருக்குத் தெரியும்னு ஃபண்டுக்காரங்க தேட ஆரம்பிச்சாங்க. 2003ல வால் ஸ்ட்ரீட் பேங்க்ங்க பத்து, கிட்டத்தட்ட 140 கோடி டாலர் கட்டி ஒரு செட்டில்மென்ட் போட்டாங்க, பேங்க்கோட பிசினசுக்காக ரிசர்ச்ல நல்லா எழுதிக் குடுத்தாங்கங்கிற விவகாரம். அதுல பேங்க் ரிசர்ச் மேல இருந்த நம்பிக்கையும் போச்சு. ஜிஎல்ஜி ஆரம்பிச்ச அஞ்சு வருஷத்துக்குள்ள ரெண்டு பெரிய கதவு சாத்தினாங்க, ஜனம் மொத்தமும் இவங்க ஜன்னல் பக்கம் வந்துச்சு.

இன்னிக்கு இதுல காசு குடுக்குறவங்க மூணு வகை. ஹெட்ஜ் ஃபண்டு மாதிரி ஷேர் பாக்குறவங்க, கம்பெனியையே வாங்குற பிரைவேட் ஈக்விட்டிக்காரங்க, அப்புறம் பெரிய கன்சல்டிங் கம்பெனிங்க. ஆமா, கன்சல்டிங் கம்பெனியே ஆலோசனை வாங்கித்தான் வித்துக்கிட்டு இருக்கு, சிரிக்காதீங்க. புதுசா வர்ற உங்களை முதல் ரெண்டு வகை உள்ளயே விட மாட்டாங்க, ஐம்பது பக்க வெண்டார் ஃபாரம் நீட்டுவாங்க. சின்ன கன்சல்டிங் கம்பெனி, மார்க்கெட் ரிசர்ச் கம்பெனிங்கதான் உங்க ஆரம்பம். பெரிய நெட்வொர்க்குக்கு வருஷ சந்தா கட்ட முடியாதவங்க, ஆனா இந்த வாரமே நாலு ஆள் வேணும்னு தவிக்கிறவங்க, அவங்களைப் புடிங்க.

ஸ்டெப் 4: கணக்கு

கிளையன்ட் குடுக்குறது மணிக்கு சுமார் ஆயிரம் டாலர், அதுக்கு மேலயும் போகும், எக்ஸ்பர்ட்டுக்குப் போறது சில நூறு டாலர். பாத்ததும் அடேங்கப்பா மீதி எல்லாம் லாபமான்னு தோணும். இல்ல. அந்த ஒரு காலுக்காக தேடினவன் சம்பளம், பேச வச்சவன் சம்பளம், சட்டம் பாக்குறவங்க சம்பளம், ஒத்து வராம போன பத்து பேருக்குச் செலவான நேரம், எல்லாம் அதுலதான். ஜிஎல்ஜி இதை வருஷ சந்தாவா முன்பணமா வாங்கி ஓட்டினாங்க, அதுதான் அவங்க மூச்சு விட்ட இடம். உங்களுக்கு முதல் நாளே யாரும் சந்தா குடுக்க மாட்டாங்க, ஒரு கால் ரெண்டு கால்னு பில் போட வேண்டியதுதான்.

இங்க ஒரு குழி இருக்கு, நல்லா கேளுங்க. கிளையன்ட் காசு வர அறுபது நாள், தொண்ணூறு நாள் ஆகும், ஆனா எக்ஸ்பர்ட்டுக்கு அந்த மாசமே குடுத்தாகணும். நான் முதல்ல இருந்த ஒரு சின்ன கம்பெனில இதைத்தான் சொதப்பினாங்க, கிளையன்ட் குடுத்ததும் தரோம்னு எக்ஸ்பர்ட்டுங்களை இழுத்தடிச்சாங்க. ஒரு ரிட்டையர்டு பாய்லர் இன்ஜினியர், தங்கமான மனுஷன், என்னைத் தினமும் காலையில கூப்பிட்டு "சார் சாப்டாச்சா"ன்னு கேப்பார். காசைப் பத்தி ஒரு வார்த்தை கேக்க மாட்டார். நாலு மாசம் கேட்டார். அப்புறம் கூப்பிடுறதை நிறுத்திட்டார், அவரோட ஃப்ரெண்ட்ஸ் பதினஞ்சு பேரும் எங்களுக்குப் பதில் போடுறதை நிறுத்திட்டாங்க. மூணு மாச எக்ஸ்பர்ட் பேமென்ட்டுக்குத் தேவையான பணத்தைத் தனியா ஒரு அக்கவுன்ட்ல போட்டு வச்சிட்டு ஆரம்பிங்க, அது இல்லன்னா கொஞ்ச நாள் பொறுத்துக்கோங்க.

ஸ்டெப் 5: வேகம்

ஒரு புராஜெக்ட் எப்படி ஓடும்னு சொல்றேன். சாயங்காலம் ஏழு மணிக்கு மெயில் வரும், நியூயார்க்ல அப்ப காலை. "இந்த வகை பம்ப் வாங்குற முடிவை எடுக்குற ஆள் எட்டு பேர் வேணும், மூணு நாடு, நாளைக்குள்ள." அதே மெயில் இன்னும் நாலு நெட்வொர்க்குக்கும் போயிருக்கும், அதை ஞாபகம் வச்சுக்கோங்க. முதல் ஒரு மணி நேரம் மெசேஜ் அனுப்பக் கூடாது, படிக்கணும், பம்ப் வாங்குறவர் டைட்டில் என்னவா இருக்கும்னு கண்டுபிடிக்கணும், சில கம்பெனில பர்ச்சேஸ் மேனேஜர், சில இடத்துல மெயின்டனன்ஸ் இன்சார்ஜ், தப்பான டைட்டில் தேடினா ராத்திரி பூரா வேஸ்ட். அப்புறம் நாப்பது அம்பது பேருக்கு மெசேஜ், ஆறு பேர் பதில், அதுல மூணு பேர் நிஜமாவே விஷயம் தெரிஞ்சவங்க. அந்த மூணு பேர்கிட்டயும் அஞ்சு கேள்வி கேட்டு அவங்க சொன்ன பதிலை அவங்க வார்த்தையிலயே எழுதி கிளையன்ட்டுக்கு அனுப்பணும். மெருகு போடாதீங்க. "இருபது வருட செழுமையான அனுபவம்" ன்னு நீங்க எழுதினா யாரும் படிக்க மாட்டாங்க, "2019ல நாப்பது பம்ப் மாத்தினேன், சீல் தான் பிரச்னை" ன்னு அவர் சொன்னதை எழுதினா அஞ்சு நிமிஷத்துல கால் புக் ஆகும்.

முதல்ல போய்ச் சேர்ற புரொஃபைலுக்குத்தான் கால். நல்ல புரொஃபைல் லேட்டா வந்தா அது குப்பை.

ஸ்டெப் 6: வேணாம்னு சொல்லக் கத்துக்கிறது

இதை எழுதத்தான் இவ்வளவும் எழுதினேன்னு வச்சுக்கோங்க. இந்தத் தொழில்ல ஒரு ஆளையும் இன்னொரு ஆளையும் கோத்து விடுறது யாராலயும் முடியும். எந்தக் காலை நடத்தக் கூடாதுன்னு தெரியுறதுக்குத்தான் கிளையன்ட் உங்களுக்குக் காசு குடுக்குறாங்க.

சிட்னி கில்மன் கதையைத் தெரிஞ்சுக்கோங்க. மிச்சிகன் யுனிவர்சிட்டில பேர் பெற்ற நரம்பியல் புரொஃபசர். அல்சைமருக்கு எலான், வையத்னு ரெண்டு கம்பெனி சேந்து பாபினியூசுமாப்னு ஒரு மருந்தை டெஸ்ட் பண்ணிக்கிட்டிருந்தாங்க, அந்த ட்ரையலோட பாதுகாப்புக் குழுவுக்கு இவர் தலைவர். ஜிஎல்ஜி நெட்வொர்க்லயும் இருந்தார், மணிக்கு சுமார் ஆயிரம் டாலர் வாங்கினவர். எஸ்ஏசி கேபிட்டல்ங்கிற ஹெட்ஜ் ஃபண்டுல மேத்யூ மார்ட்டோமான்னு ஒரு மேனேஜர், இவர்கிட்ட திரும்பத் திரும்ப கால் போட்டு, நாப்பது தடவைக்கு மேல பேசி, கொஞ்சம் கொஞ்சமா நெருங்கிட்டார். 2008 ஜூலைல ட்ரையல் ரிசல்ட் வெளிய வர்றதுக்கு முன்னாடியே அது சரியில்லைன்னு கில்மன் வழியா மார்ட்டோமாவுக்குத் தெரிஞ்சு போச்சு. ஃபண்டு கையில இருந்த அந்த ரெண்டு கம்பெனி ஷேரையும் வித்து, விழும்னு எதிர்பக்கமும் பந்தயம் கட்டி, லாபமும் தப்பிச்ச நஷ்டமும் சேந்து சுமார் 27.5 கோடி டாலர். மார்ட்டோமாவுக்கு 2014ல ஒன்பது வருஷம் ஜெயில். எஸ்ஏசி 180 கோடி டாலர் கட்ட ஒத்துக்கிட்டாங்க. ஜிஎல்ஜி மேல கேஸ் போடல, ஆனா எல்லா செய்தியிலயும் அவங்க பேரு வந்துச்சு.

இதுல என்னை யோசிக்க வைக்கிறது கடைசி கால் இல்ல, நடுவுல இருபதாவதா ஒண்ணு இருக்கும்ல, அது. அதே ஃபண்டு, அதே டாக்டர், அதே மருந்து, ஏன் இவ்வளவு தடவைன்னு யாராவது ஒருத்தர் கேட்டிருந்தா?

அதுக்கு நடுவுல 2009 அக்டோபர்ல கேலியன்ங்கிற ஹெட்ஜ் ஃபண்டு நடத்தின ராஜ் ராஜரத்தினம், கம்பெனி ரகசியத்தை வச்சு ஷேர் வாங்கி வித்ததா கைது, கொழும்புல பொறந்த தமிழர், நம்ம ஆளுங்க மத்தியில அப்ப இதைப் பேசாத வீடு இல்ல, 2011ல பதினொரு வருஷம் தண்டனை. அவர் விஷயம் பெரும்பாலும் கம்பெனிக்குள்ள இருந்த ஆளுங்களை நேரடியா புடிச்ச விஷயம், நெட்வொர்க் வழியா இல்ல. ஆனா அந்த விசாரணை சூட்டோட அதிகாரிங்க எக்ஸ்பர்ட் நெட்வொர்க் பக்கம் திரும்பினாங்க. 2010 நவம்பர்லேர்ந்து கலிஃபோர்னியால பிரைமரி குளோபல் ரிசர்ச்னு ஒரு கம்பெனியோட ஆளுங்களும் அவங்க எக்ஸ்பர்ட்டுங்களும் வரிசையா மாட்டினாங்க. அந்த எக்ஸ்பர்ட்டுங்க டெக் கம்பெனில வேலை பாத்துக்கிட்டே தன்னோட கம்பெனி விற்பனை நம்பரையே சொல்லியிருக்காங்க. அந்த நெட்வொர்க் எழுந்திரிக்கவே இல்ல.

அதனால நீங்க முதல் நாளே பேப்பர்ல எழுதி வைக்க வேண்டியது: இப்ப வேலை பாக்குற கம்பெனி பத்தி யாரும் பேசக் கூடாது. வேலையை விட்டவர்னா குறைஞ்சது ஆறு மாசம் போகட்டும். இன்னும் நடந்துக்கிட்டிருக்குற மருந்து ட்ரையல் பத்தி டாக்டர் வாயே திறக்கக் கூடாது. லிஸ்டட் கம்பெனி இயக்குநர் குழுவுல இருக்கறவர் அந்தக் கம்பெனி பத்தி வேணாம். அரசாங்க அதிகாரி வேணவே வேணாம். ஒவ்வொரு காலுக்கு முன்னாடியும் எக்ஸ்பர்ட் இதை ஒத்துக்கிட்டு டிக் பண்ணணும், எத்தனை தடவை டிக் பண்ணவரா இருந்தாலும் சரி.

எழுதி வச்சா மட்டும் போதாது. ஒரு தடவை நான் கூட உக்காந்து கேட்ட காலுல ஒரு எக்ஸ்பர்ட், ரொம்ப ஜாலியான மனுஷன், பேச்சு வாக்குல "போன வாரம் எங்க பழைய டீம் பசங்க பார்ட்டில சொன்னாங்க, இந்த குவார்ட்டர்…" ன்னு ஆரம்பிச்சார். நான் ஒரு செகண்ட் தயங்கினேன், பெரிய கிளையன்ட், முதல் கால். அப்புறம் மியூட்டை எடுத்துட்டு "சார் இதோட நிறுத்திக்குவோம்"ன்னு லைனைக் கட் பண்ணேன். கை நடுங்குச்சு. பத்து நிமிஷத்துல கிளையன்ட் பக்கம் கம்ப்ளையன்ஸ், அதாவது சட்டதிட்டம் பாக்குற அம்மா மெயில் போட்டாங்க, நன்றின்னு ஒரே வார்த்தை. அடுத்த மாசம் அவங்ககிட்டேர்ந்து வந்த வேலை மூணு மடங்கு.

ஸ்டெப் 7: பெரிசானப்புறம்

இதை சீக்கிரம் சொல்லிடுறேன், உங்களுக்கு இப்ப தேவையில்ல. கெர்சன் எல்லாத்தையும் தானே கட்டிக்கிட்டு உக்காரல, ஆரம்ப காலத்துல சேந்த அலெக்சாண்டர் செயின்ட்-அமான்ட் ரொம்ப வருஷம் சிஇஓவா ஓட்டினார், 2018ல பால் டாட் வந்தார். 2021 அக்டோபர்ல ஷேர் மார்க்கெட்டுக்கு வர பேப்பர் போட்டாங்க, அப்ப சொன்ன கணக்குல நெட்வொர்க்ல சுமார் பத்து லட்சம் எக்ஸ்பர்ட், ஆனா லிஸ்டிங் நடக்கல. கெர்சன் நடுவுல 2012ல டிக்கி பார்பர்ங்கிற அமெரிக்கன் ஃபுட்பால் பிளேயரோட சேந்து துசியோன்னு ஒண்ணு ஆரம்பிச்சார், பழைய விளையாட்டு வீரர்களை மணிக்கணக்குல விழாவுக்குக் கூப்பிட்டுக்கலாம், ஐடியா அதேதான், ஆள்தான் வேற. இஸ்ரேல்ல யுனைடெட் ஹட்சலான்னு ஒரு தொண்டு அமைப்பு இருக்கு, விபத்து நடந்தா பக்கத்துல இருக்குற வாலன்டியருக்கு போன்ல தகவல் போகும், ஆம்புலன்ஸ் வர்றதுக்குள்ள அவர் பைக்ல போய் நிப்பார். அதுக்கும் இவர் சேர்மனா இருந்திருக்கார். எனக்கு இதைப் படிச்சப்ப சிரிப்புதான் வந்துச்சு, மனுஷன் வாழ்நாள் பூரா ஒரே வேலையைத்தான் பண்ணியிருக்கார், சரியான ஆளை சீக்கிரம் கண்டுபிடிச்சு அனுப்புறது.

லேட்டா வந்தவங்களுக்கு இடம் இல்லைன்னும் நெனக்காதீங்க. லண்டன்ல ஆல்ஃபாசைட்ஸ் 2008ல வந்து பெரிசாச்சு. ஜப்பான்ல எய்கோ ஹாஷிபாங்கிற அம்மா ஆரம்பிச்ச விசாஸ்க், 2021ல அமெரிக்காவோட கோல்மன் ரிசர்ச்சையே 10.2 கோடி டாலருக்கு வாங்கிடுச்சு. டீகஸ்னு ஒருத்தங்க கால் முடிஞ்சப்புறம் அதை எழுத்தாக்கி லைப்ரரியா சேத்து வித்தாங்க, 2024ல 93 கோடி டாலருக்கு ஆல்ஃபாசென்ஸ் வாங்கினாங்க. பாருங்க, பேப்பர் ரிப்போர்ட்ல ஆரம்பிச்சு போன்காலுக்கு வந்து மறுபடி பேப்பருக்கே போயாச்சு. இந்தியாவுல குர்கான்ல இருக்குற இன்ஃபோலியன் 2023ல என்எஸ்இயோட சின்ன கம்பெனிங்க பிளாட்ஃபார்ம்ல லிஸ்ட் ஆச்சு.

கடைசியா பேப்பர் வேலை. ஆடிட்டர் இல்லாம ஆரம்பிக்காதீங்க. எக்ஸ்பர்ட்டுக்குக் குடுக்குறது புரொஃபஷனல் ஃபீஸ் கணக்குல வரும், வரம்பு தாண்டினா 10 சதவீதம் டிடிஎஸ் புடிக்கணும், அதை முதல் மெயில்லயே சொல்லிடுங்க, இல்லைன்னா காசு குறையுதுன்னு சண்டைக்கு வருவாங்க. வெளிநாட்டு கிளையன்ட்னா ஜிஎஸ்டில எக்ஸ்போர்ட், எல்யூடிங்கிற உறுதிமொழிக் கடிதத்தைப் போட்டு வச்சுக்கிட்டா வரி கட்டாம பில் அனுப்பலாம், ஒவ்வொரு வருஷமும் புதுசா போடணும், மறந்துடாதீங்க. எக்ஸ்பர்ட்கிட்ட பேன் கார்டு நம்பரும் பேங்க் விவரமும் காலுக்கு முன்னாடியே வாங்கிடுங்க. அந்த டையிங் மாஸ்டருக்கு பேங்க் அக்கவுன்ட் அவங்க வீட்டம்மா பேர்ல மட்டும்தான் இருந்துச்சு, கால் முடிஞ்சு காசு போய்ச் சேர மூணு வாரம் ஆச்சு, அது முழுக்க என் தப்பு.